பணத்துக்கு வரும் ப, பஸ்ஸுக்கு வரும் ப

தொண்ணூறுகளின் கடைசியில் நான் ஜெர்மன் தெரியும் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். திருவனந்தபுரத்தில் ஓர் இன்ஷூரன்ஸ் ஆபீசில் எனக்கு குமாஸ்தா வேலை. ஆபீஸ் விட்டதும் ஜெர்மன் வகுப்புக்குப் போவேன். எதற்குப் படிக்கிறாய் என்று கேட்டால் சொல்ல ஒன்றும் இருக்காது. கூடப் படித்தவர்களில் பாதிப் பேர் நர்ஸ் வேலைக்குப் போகிறவர்கள், மீதிப் பேர் ஏற்கெனவே போய்விட்ட நர்ஸுகளின் கணவர்கள். நான் மட்டும்தான் சும்மா படித்தேன். சீக்கிரம் வீட்டுக்குப் போனால் ஜாதகப் பேச்சு காத்திருக்கும் என்பதும் ஒரு காரணம்.

ஒருநாள் ஃபிலிம் சொசைட்டி செயலாளர் ஆபீசுக்குப் போன் செய்தார். ஜெர்மனியிலிருந்து ஒரு பெண் டைரக்டர் வந்திருக்கிறார், தன் ஊர்ப்பக்கத்து ராக் இசைக் குழுக்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்திருக்கிறார், அடுத்த சனிக்கிழமை அதைத் திரையிடப் போகிறோம் என்றார். படத்துக்கு இன்னும் சப்டைட்டில் போடவில்லை. அதனால் நான் திரைக்குப் பக்கத்தில் மைக்கோடு உட்கார்ந்து, படம் ஓட ஓட மலையாளத்தில் படித்துக்கொண்டே வர வேண்டும். எனக்குக் கவிதையெல்லாம் வராதே என்று இழுத்தேன். "கவித ஒந்நும் வேண்டா. ஆளுகள்க்கு கார்யம் மனசிலாயால் மதி" என்றார் அவர். விஷயம் புரிந்தால் போதுமாம். அந்த விஷயம் எனக்கே புரியாது என்பது அப்போது எங்கள் இருவருக்கும் தெரியாது.

வீடியோ கேசட்டை வாங்கிவந்து கரமனை வீட்டில் போட்டேன். தீயணைப்பு வண்டி நிறுத்தும் கொட்டகை மாதிரி ஓர் இடத்தில் நாலு பேர் நின்று வாசித்தார்கள். டிரம்ஸ் அடித்தவன் எதையோ பழிவாங்குகிறவன்போல அடித்தான். அம்மா அடுக்களையிலிருந்து வந்து நின்று பார்த்தாள்.

"இதாக்கும் உன் ஜெர்மன் பாட்டு? ஆரோ ஆரையோ வழக்கு சொல்றாப்பல இருக்கே."

வழக்கு சொல்வது என்றால் எங்கள் வீட்டில் திட்டுவது. பாட்டை விடுங்கள், அவர்கள் பேசியதில்கூட எனக்கு ஒரு வாக்கியம் பிடிபடவில்லை. மூன்று வருடம் படித்துச் சான்றிதழும் வாங்கிய மொழி இது. எனக்கு அழுகையே வந்துவிட்டது. கேசட்டை நிறுத்திவிட்டு, பாடப்புத்தகத்தை எடுத்து, அதில் கேக் கடைக்குப் போகிற குடும்பத்தின் உரையாடலைப் படித்துப் பார்த்தேன். அது நன்றாகப் புரிந்தது. புத்தகத்தில் இருந்த குடும்பம் படத்தில் ஓர் இடத்திலும் வரவில்லை, அதுதான் சிக்கல்.

மறுநாள் மாலை அந்த டைரக்டரே வீட்டுக்கு வந்தாள். முப்பத்தைந்து வயதிருக்கும். ஒட்ட வெட்டிய தலைமுடி, வெளுத்துப்போன ஜீன்ஸ். எங்கள் தெரு முழுக்க வாசலுக்கு வந்து மதாம்மாவைப் பார்த்தது. வெள்ளைக்காரப் பெண்கள் எல்லோரும் எங்களுக்கு மதாம்மாதான். எனக்கு ஒன்றும் புரியவில்லை என்று நான் தயங்கித் தயங்கிச் சொன்னதும் அவள் பெரிதாகச் சிரித்தாள். அது சாக்சனிப் பக்கத்துப் பேச்சு, பெர்லினில் நாங்கள் வாயைத் திறந்தாலே சிரிப்பார்கள் என்றாள். எனக்கு உடனே அவளைப் பிடித்துப்போய்விட்டது. நான் சென்னைக்குக் கல்யாணத்துக்குப் போனால் நீங்க மலையாளியா என்று கேட்பார்கள். இங்கே பள்ளிக்கூடத்தில் என் மலையாளத்தைக் கேட்டுத் தமிழத்தி என்றார்கள். எங்கே வாயைத் திறந்தாலும் அடி வாங்குகிறவர்களுக்குள் ஓர் உறவு உண்டு.

அன்றிலிருந்து தினமும் மாலையில் வந்தாள். கேசட்டை நிறுத்தி நிறுத்தி, படத்தில் பேசுகிறவர்கள் என்ன சொல்கிறார்கள் என்று எனக்காகப் பாடப்புத்தக ஜெர்மனில் திருப்பிச் சொன்னாள். அப்படித்தான் அந்தப் படம் எனக்குத் திறந்தது.

பெர்லின் சுவர் விழுவதற்கு முந்தைய கிழக்கு ஜெர்மனி. துணி ஆலைகள் இருந்த சின்ன ஊர்கள். ஒரு குழு மேடையேற வேண்டுமென்றால் அரசாங்கக் கமிட்டி முன்னால் வாசித்துக் காட்டி அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். கமிட்டிக்கு முன்னால் ஒரு மாதிரி வாசிப்பார்கள், ஊருக்குப் பின்னால் உள்ள நடனக் கூடத்தில் வேறு மாதிரி வாசிப்பார்கள். ஆம்ப்ளிஃபையரைப் பழைய ரேடியோக்களைப் பிரித்துத் தாங்களே செய்துகொண்டார்கள். இசைத்தட்டு ஒன்றுகூட வரவில்லை. பக்கத்து மாவட்டத்துக்கே அவர்களைத் தெரியாது. இவள் அப்போது ஒரு ஸ்டூடியோவில் உதவியாளராக இருந்தவள், அங்கிருந்து கேமராவை இரவல் வாங்கிக்கொண்டு அவர்கள் பின்னால் திரிந்திருக்கிறாள். கேமராவைக் கண்டாலே அவர்கள் வாசிப்பதை நிறுத்திவிடுவார்களாம், உளவு பார்க்கிறவள் என்று பயம். அதனால் ஒரு வருடம் பூரா ஃபிலிம் போடாத கேமராவைத் தூக்கிக்கொண்டு போய் அவர்கள் நடுவில் நின்றிருக்கிறாள். கேமரா இருப்பதை அவர்கள் மறந்த பிறகுதான் உள்ளே ஃபிலிமைப் போட்டாள்.

எங்கள் ஊரிலும் அப்போது கிடார் தூக்கிய பையன்கள் இருந்தார்கள். கல்லூரி விழாக்களில் கண்ணை மூடிக்கொண்டு இங்கிலீஷில் பாடுவார்கள், நன்றாகவே பாடுவார்கள். ஆனால் வீட்டில் பேசுகிற பேச்சை மேடைக்கு எடுத்துப்போகக் கூச்சம். இந்தத் துணி ஆலைப் பையன்களுக்கு அந்தக் கூச்சம் இல்லை, ஊரே சிரிக்கிற பேச்சில் தொண்டை கிழியக் கத்தினார்கள். அதை ஒருத்தி வருடக்கணக்காக உட்கார்ந்து படம் பிடித்திருக்கிறாள். யாருக்காக என்று கேட்டேன். அவர்களுக்காக என்றாள். அந்த நடனக் கூடம் இப்போது தரைவிரிப்புக் கடையாகிவிட்டதாம்.

படத்தின் கடைசிப் பாட்டைப் பாடுகிறவன் அவள் அண்ணன். அவளைவிட ஏழு வயது பெரியவன். இப்போது டயர் கடையில் வேலை, வாரக் கடைசியில் பாட்டு.

அம்மாவுக்கு மதாம்மாவின் வீட்டு விவரம் தெரியாமல் தூக்கம் வராது. என்னை வைத்துக் கேட்டாள். மதாம்மா ஒளிக்காமல் சொன்னாள். அவளுக்கு ஆறு வயது நிறைந்த அன்று அவள் அம்மா மேற்கு ஜெர்மனிக்கு ஒரு சாவுக்குப் போனாள். இறந்தது அத்தையோ சித்தியோ, ஜெர்மனில் அதற்கெல்லாம் ஒரே சொல். அனுமதி ஒருத்திக்குத்தான், குழந்தைகளை விடமாட்டார்கள். போனவள் திரும்பவில்லை. சுவர் விழுவதற்கு முன்பே அங்கேயே இறந்தும் போனாள்.

"பாவம். அத்தனோண்டு கொழந்தைய விட்டுட்டு எந்த அம்மாவும் மனசறிஞ்சு போகமாட்டா. போன எடத்துல ஏதோ கொழப்பம் ஆயிருக்கும், கேட்டியா" என்றாள் அம்மா.

நான் மொழிபெயர்த்தேன். மதாம்மா வேகமாகத் தலையாட்டினாள். நானும் அப்படித்தான் நினைக்கிறேன், உன் அம்மாவிடம் சொல் என்றாள். அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது. அம்மா இன்னொரு தோசை போட்டாள்.

பேச்சுப் பகுதிகள் முடிந்தபின் பாட்டுகள் மட்டும் மிச்சமிருந்தன. அவற்றை நானே வாக்மேனில் கேட்டுக் கேட்டு எழுதினேன். வேகமாக எழுத வேண்டியிருந்ததால் தமிழ் எழுத்தில் எழுதினேன். படித்ததெல்லாம் மலையாளம்தான் என்றாலும், ஆபீசில் பக்கத்து மேசைக்காரிகள் படிக்கக் கூடாததையெல்லாம் தமிழில் எழுதி எழுதி எனக்குத் தமிழ்க் கை வேகமாகிவிட்டிருந்தது. மலையாளத்தில் எழுதியிருந்தால் இந்தக் கதையே இல்லை. மலையாளத்தில் பணத்துக்கு வரும் ப-வுக்கு ஓர் எழுத்து, பஸ்ஸுக்கு வரும் ப-வுக்கு வேறொன்று. காதில் விழுந்ததை அப்படியே எழுதிவிட்டுப் போயிருப்பேன். தமிழில் இரண்டுக்கும் ஒரே எழுத்து, எது என்று நாம்தான் தெரிந்துவைத்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மதாம்மாவைக் கல்லாற்றுக்கு அழைத்துப் போனேன். பொன்முடி மலைக்குப் போக வேண்டும் என்றுதான் கிளம்பினாள், ஆனால் வழியில் ஆற்றைப் பார்த்ததும் பஸ்ஸிலிருந்து இறங்கிவிடலாம் என்றாள். பாறையில் உட்கார்ந்து காலைத் தண்ணீரில் விட்டுக்கொண்டோம். நான் காகிதங்களையும் வாக்மேனையும் எடுத்தேன். மற்றப் பாட்டுகளில் சின்னச் சின்னச் சந்தேகங்கள்தான். கடைசிப் பாட்டு வந்தது. அவள் அண்ணன் பாடுவது. வரிகள் மிகவும் எளிமையானவை. வெளியே வெளுக்கிறது. தங்கை தூங்குகிறாள். அம்மா 'பக்ட்'. நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன். ஒன்றும் சொல்லவில்லை.

என் காகிதத்தில் 'பக்ட்' என்றுதான் இருந்தது. ஜெர்மனில் அது இரண்டு சொல். பணத்து ப-வாக இருந்தால் அம்மா பெட்டி அடுக்குகிறாள். பஸ் ப-வாக இருந்தால் அம்மா கேக் சுடுகிறாள். எது என்று கேட்டேன்.

அவள் சிரித்தாள். கேக்தான், இதென்ன கேள்வி என்றாள். எங்கள் ஊரில் இரண்டையும் ஒரே மாதிரிதான் சொல்வோம், எல்லாமே பஸ் ப-தான். ஆனால் இது கேக் பாட்டு. அதனால்தான் படத்தில் அந்தப் பாட்டுக்கு மாவு பிசைகிற கைகளை வைத்திருக்கிறேன், பார்க்கவில்லையா? அப்புறம் சொன்னாள். ஆறாவது பிறந்தநாளன்று காலையில் எழுந்து வந்தபோது மேசைமேல் கேக் இருந்தது. தொட்டால் இன்னும் சூடு. அம்மா விடிகாலை ரயிலுக்குப் போய்விட்டிருந்தாள். "விட்டுவிட்டுப் போக நினைத்தவள் கேக் சுட்டு வைத்துவிட்டுப் போவாளா?" என்றாள். அவள் அம்மா திரும்பி வரத்தான் போனாள் என்பதற்கு அந்தக் கேக்கைத் தவிர அவளிடம் வேறு சாட்சி இல்லை. அத்தனை வருடமும் அதை வைத்துத்தான் அவள் தாங்கியிருக்கிறாள் என்பது அவள் சொன்ன விதத்திலேயே தெரிந்தது.

நான் அத்தோடு விட்டிருக்க வேண்டும். ஆனால் என் சுபாவம் அப்படி. இன்ஷூரன்ஸ் ஆபீசில் விண்ணப்பங்களைப் பார்த்துப் பார்த்து வந்த வியாதி, ஒரு வரி அடுத்த வரியோடு ஒட்டவில்லை என்றால் கை தானாக அங்கே நிற்கும். "அம்மா கேக் சுடுவதைப் பார்க்கிற பையன் எதற்கு, ஒன்றும் சொல்லவில்லை என்று பாடுகிறான்?" என்று கேட்டேன். கேக் சுடுகிறவளிடம் சொல்ல என்ன இருக்கிறது?

அவள் வாக்மேனை வாங்கிக் காதில் வைத்துக்கொண்டாள். கேட்டாள். பின்னால் ஓட்டி மறுபடி கேட்டாள். எத்தனை தடவை என்று நான் எண்ணவில்லை. அவள் காலைத் தண்ணீரிலிருந்து எடுத்துக்கொண்டதைத்தான் கவனித்தேன். இந்தப் பாட்டை அவன் எழுதி யாரும் பார்த்ததில்லை, அவன் எதையும் எழுதிவைப்பதில்லை என்றாள். படத்தை அவனுக்குப் போட்டுக் காட்டியபோது என்ன சொன்னான் என்று கேட்டேன். நன்றாயிருக்கிறது என்றானாம். வேறு ஒன்றும் சொல்லவில்லையாம். அதைச் சொல்லி முடித்ததும் பாட்டின் கடைசி வரி அவளுக்கே கேட்டிருக்க வேண்டும், எழுந்துவிட்டாள்.

வித்துராவில் பஸ் மாற இறங்கினோம். சந்தைக்கு எதிரே மஞ்சள் போர்டு போட்ட டெலிபோன் பூத். அவள் என்னிடம் ஒன்றும் கேட்காமல் நேரே உள்ளே போய்க் கண்ணாடிக் கதவைச் சாத்திக்கொண்டாள். அங்கே அப்போது ஞாயிறு காலை, அண்ணன் வீட்டில்தான் இருப்பான். எனக்கு அவள் முதுகுதான் தெரிந்தது. அவள் அதிகம் பேசவில்லை, கேட்டுக்கொண்டே நின்றாள். பூத்துக்காரர் மீட்டரைப் பார்ப்பதும் என்னைப் பார்ப்பதுமாக இருந்தார். கடைசியில் அவள் நெற்றியைக் கண்ணாடியில் சாய்த்துக்கொண்டாள்.

வெளியே வந்து ஒரே சொல் சொன்னாள். பெட்டி அடுக்குவதற்கான சொல். உதட்டைச் சேர்த்து அழுத்தி, பாடப்புத்தகத்தில் சொல்கிற மாதிரி, வலுத்த ப வைத்துச் சொன்னாள். அவள் வாயிலிருந்து அந்த ப-வை நான் அதுவரை கேட்டதே இல்லை. பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டாள். எனக்கு என்மேலேயே கோபம். எங்கிருந்தோ வந்த ஒருத்தியின் ஒரே சாட்சியை நான் ஆற்றங்கரையில் உட்கார்ந்து பிடுங்கிவிட்டேன், அதுவும் ஓர் எழுத்துக்காக. தமிழில் ஒரே ஒரு ப வைத்தவர்கள்மேலும் கொஞ்சம் கோபம் வந்தது.

சனிக்கிழமைக்குள் படத்தை வெட்டி ஒட்ட முடியாது. பிரிண்ட் வந்தது வந்ததுதான். ஆனால் மைக் என் கையில் இருந்தது. நான் கேக் என்றே படித்துவிடலாம் என்று முடிவு செய்தேன். திரையில் மாவு, என் வாயில் கேக், யாருக்கும் ஒன்றும் தெரியப்போவதில்லை. வெள்ளிக்கிழமை அவள் தங்கியிருந்த தம்பானூர் லாட்ஜுக்குப் போன் செய்து சொன்னேன். "அவன் என்ன பாடுகிறானோ அதைப் படி" என்றாள்.

சனிக்கிழமை கூட்டம் நன்றாகவே வந்தது. எங்கள் ஊரில் எந்த நாட்டுப் படம் போட்டாலும் பார்க்க ஆள் உண்டு. புரொஜெக்டர் சத்தத்தோடு போட்டி போட்டுக்கொண்டு படித்தேன். கமிட்டிக்கு முன்னால் வாசிக்கிற காட்சியில் சிரித்தார்கள், ரேடியோவைப் பிரிக்கிற காட்சியில் கைதட்டினார்கள். கடைசிப் பாட்டு வந்தது. திரையில் இரண்டு கைகள் மாவு பிசைந்தன. அது அவள் ஊரில் பக்கத்து வீட்டுக் கிழவியின் கைகள். நான் "அம்ம பெட்டி அடுக்குந்நு" என்று படித்தேன். அடுத்த வரியையும் படித்தேன்.

விளக்குப் போட்டதும் செயலாளர் கேள்விகள் கேட்கலாம் என்றார். சம்சயம் கேட்பதில் எங்கள் ஊரை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. இரண்டாம் வரிசையில் வெள்ளை முண்டு கட்டிய ஒரு பெரியவர் எழுந்தார்.

"படத்தில் காணுந்நது கேக் உண்டாக்குந்நது. கேட்டது பெட்டி அடுக்குந்நு என்னு. தர்ஜமயில் தெற்று பற்றியதாணோ?"

மொழிபெயர்ப்பில் தப்பு நேர்ந்துவிட்டதா என்று கேட்கிறார். ஆமாம் சார், என் தப்புதான் என்று சொல்லி முடித்துவிட நான் வாயெடுத்துவிட்டேன். அதற்குள் அவள் என் கையைத் தொட்டு, என்ன கேட்கிறார் என்றாள். சொன்னேன். அவள் மைக்கை வாங்கிக்கொண்டாள். எனக்குப் புரிய வேண்டும் என்று, நிறுத்தி நிறுத்திப் பேசினாள்.

"மொழிபெயர்ப்பு சரி. பாட்டை நான்தான் தப்பாகக் கேட்டேன். என் அம்மா அன்று திரும்பி வருவதற்காகப் போகவில்லை. அவள் பெட்டியில் குளிர்காலத் துணிகளை அடுக்கியதை என் அண்ணன் பார்த்தான். அது கோடைகாலம். அவனுக்குப் புரிந்துவிட்டது, ஆனால் அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. போன ஞாயிற்றுக்கிழமைதான் நான் அவனைக் கேட்டேன். சரி, அப்படியானால் அந்தக் கேக் என்று கேட்டேன். நீ எழுந்ததும் கேட்பாயே, அதனால் அவள் போன பிறகு நான் சுட்டேன் என்றான். அவனுக்குப் பதின்மூன்று வயது. அதை அம்மா சுட்டது என்று நினைத்து நான் சாப்பிட்டேன். இவ்வளவு வருடமும் அப்படித்தான் நினைத்திருந்தேன். அவன் திருத்தவில்லை."

இதை வித்துராவிலிருந்து வந்த பஸ்ஸில் அவள் என்னிடம் சொல்லவில்லை. மைக் என் கைக்கு வந்தது. நான் மலையாளத்தில் சொல்ல ஆரம்பித்தேன். பெட்டி, குளிர்காலத் துணி, கோடைகாலம் எல்லாம் ஒழுங்காக வந்தது. "கேக் உண்டாக்கியது அம்மயல்ல, சேட்டனாணு" என்ற இடத்தில் குரல் உடைந்துவிட்டது. எனக்கு அண்ணன் கிடையாது, தம்பியும் கிடையாது. ஏன் அப்படி அழுதேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை.

பெரியவர் உட்காரவில்லை. குரலைத் தாழ்த்தி இன்னொன்று கேட்டார். இனி அந்தக் காட்சியை மாற்றிவிடுவார்களா என்றார். நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவளிடம் சொன்னேன்.

"மாவு இருக்கட்டும், அது உண்மைதான்" என்றாள். "கைகள்தான் தப்பு. ஊருக்குப் போனதும் அவனுடைய கைகளைப் படம் பிடிப்பேன்."